குதிரை திருடியவர் யார்?

(நெய்வேலி நகரியத்தில் நடந்த பொதுக்கூட்டத்தில் பேசியது)



சக்கர நாற்காலியில் அமர்ந்து டென்னிஸ் ஆடிய ஒரு வீரருடைய வாழ்க்கையைப் பற்றி நாம் பேசுவோம் என்று இவ்வூர்த் தோழர்கள் நோட்டீஸ் போட்டுவிட்டார்கள். நோட்டீசைப் பார்த்த பெரியவர் ஒருவர் சற்று முன்பு டீக்கடையில் நம்மைப் பிடித்துக்கொண்டு, "சாமியும் இல்லை பூதமும் இல்லை என்று பேசுகிற உங்களுக்குப் பந்து விளையாட்டில் என்ன அய்யா வேலை?" என்று கேட்டார். கேள்வி நியாயமானதுதான். டென்னிசைப் பற்றி நமக்கு அதிகம் தெரியாது என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறோம். நாம் படித்த பள்ளிக்கூடத்தில் டென்னிஸ் மட்டையைக் கண்ணால் கண்டதில்லை; அங்கே நாம் இருந்ததும் கொஞ்ச காலந்தான். ஆனாலும் இந்த வீரருடைய சரித்திரத்தில் சாமியும் இருக்கிறது, பூதமும் இருக்கிறது, சாஸ்திரமும் இருக்கிறது. ஆகையால்தான் பேச ஒப்புக்கொண்டோம். நாம் சொல்லுவதை அப்படியே நம்பவேண்டும் என்று கேட்கவில்லை. கேட்டுவிட்டு, உங்கள் சொந்தப் புத்திக்குச் சரி என்று பட்டதை வைத்துக்கொண்டு மற்றதைத் தள்ளிவிடுங்கள்.

பெங்களூர்க்காரரான ஹாரி போனிபேஸ் பிரபு என்பவர் 1972-ம் வருஷம் பிறந்தவர். நாலு வயதில் வைத்தியத்துக்காக அவருடைய முதுகுத் தண்டில் ஊசி செலுத்தி நீர் எடுத்தார்கள். அது தவறிப் போய்விட்டது. அன்று முதல் கால்கள் மாத்திரமல்ல, கைகளும் சேர்ந்து நாலு அங்கமும் பாதிக்கப்பட்டு, இனி நாற்காலியே கதி என்றாகிவிட்டது. இப்படிப்பட்டவர்தான் டென்னிஸ் மட்டையைப் பிடித்தார். இந்தியாவில் சக்கர நாற்காலி டென்னிசுக்கு வழி காட்டிய முன்னோடிகளில் ஒருவரானார். 1998-ல் உலகச் சாம்பியன் போட்டியில் பதக்கம் பெற்றார். தம்மைப்போல் நாற்காலியில் இருப்பவர்களுக்கு ஆட்டத்தைக் கற்றுக்கொடுக்கப் பெங்களூரில் ஒரு பயிற்சிக்கூடமும் தொடங்கினார். 2014-ல் இந்திய சர்க்கார் அவருக்குப் பத்மஸ்ரீ பட்டம் கொடுத்தது.

பத்திரிகைக்காரர்கள் இவ்வளவையும் எழுதி, மேலே "தன்னம்பிக்கையின் சிகரம்" என்று தலைப்புப் போட்டு முடித்துவிடுவார்கள். நாம் அப்படி முடிக்கப் போவதில்லை. நாலு வயது என்று சொன்னோமே, அந்த இடத்திலேயே கொஞ்சம் நிற்போம்.

ஒரு குழந்தைக்கு நாலு வயதில் கைகால் விழுந்துவிட்டால் நம் ஊரில் என்ன சொல்லுகிறார்கள்? "முன்ஜென்மத்து வினை" என்கிறார்கள். "பெற்றவர்கள் செய்த பாவம் பிள்ளை தலையில் விடிந்தது" என்கிறார்கள். ஜோசியனிடம் போனால் இன்ன கிரகம் இன்ன வீட்டில் இருந்து பார்த்தது என்கிறான். இது திண்ணைப் பேச்சு மாத்திரம் என்று நினைத்துவிடாதீர்கள். இதற்குச் சாஸ்திர ஆதாரம் இருக்கிறது. மனுதர்ம சாஸ்திரத்தின் 11-வது அத்தியாயத்தில் இதற்கென்று ஓர் அட்டவணையே போட்டு வைத்திருக்கிறார்கள். சோறு திருடினவனுக்கு அஜீரணம். வாக்கைத் திருடினவன் ஊமை. துணி திருடினவனுக்கு வெண்குஷ்டம். குதிரை திருடினவன் நொண்டி. மளிகைக் கடையில் விலைப்பட்டியல் தொங்குவது போல் அவ்வளவு சுத்தமாக இருக்கிறது.

தோழர்களே! நாம் கேட்கிறோம், பெங்களூரில் நாலு வயதுக் குழந்தை யாருடைய குதிரையைத் திருடிற்று? போன ஜென்மத்தில் திருடிற்று என்றால் சாட்சி யார்? திருட்டுக் கொடுத்தவன் யார்? குற்றம் இன்னதென்று குற்றவாளிக்கே தெரியாது. எப்போது செய்தான் என்று தீர்ப்புச் சொன்னவனுக்கும் தெரியாது. தண்டனை மாத்திரம் ஆயுள் பரியந்தம். இப்படி ஒரு மாஜிஸ்திரேட் தீர்ப்பு எழுதினால் அவரை வேலையில் வைத்திருப்பார்களா? மனிதன் எழுதினால் அக்கிரமம் என்கிற ஒரு தீர்ப்பைக் கடவுள் எழுதினதாகச் சொன்னால் மாத்திரம் கன்னத்தில் போட்டுக்கொள்ளுகிறோம்.

இதில் இன்னொரு மோசம் இருக்கிறது. குழந்தையின் வினை என்று சொல்லிவிட்டால் ஊசி தப்பித்துக்கொள்ளுகிறது. ஊசி எந்த இடத்தில் இறங்கிற்று, ஏன் தவறிற்று, அடுத்த குழந்தைக்குத் தவறாமல் இருக்க என்ன செய்யவேண்டும் என்று யாரும் கேட்க வேண்டியதில்லை. கர்மம் என்கிற வார்த்தை, நடந்த காரியத்துக்குக் காரணம் சொல்லுவதுபோல் வந்து, காரணத்தைத் தேடவிடாமல் வாசற்படியில் படுத்துக்கொள்ளுகிறது.

நெய்வேலிக்காரர்களுக்கு இதை நாம் விளக்கவேண்டிய அவசியமே இல்லை. 1957-ம் வருஷம் இங்கே மண்ணை வெட்ட ஆரம்பித்தார்கள். புராணப்படி பூமிக்குக் கீழே அதலம், விதலம், பாதாளம் என்று ஏழு லோகம் இருக்கவேண்டும். உங்கள் ராட்சதச் சக்கர இயந்திரம் வெட்டின இடத்தில் பழுப்பு நிலக்கரி அகப்பட்டது. அதற்கும் கீழே பெரிய அழுத்தத்தோடு தண்ணீர் அகப்பட்டது. அந்தத் தண்ணீரை இரவு பகலாக இறைத்துக்கொண்டே இருக்காவிட்டால் சுரங்கம் முழுகிப்போகும் என்பது உங்களில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். வருஷத்துக்கு ஒருநாள் ஆயுத பூஜை போடுகிறவர்கள்கூட, பூஜை போட்டாயிற்று என்று மோட்டாரை நிறுத்திவிடுவதில்லை.

2020-ம் வருஷம் மே மாதத்திலும் ஜூலை மாதத்திலும் இங்குள்ள அனல்மின் நிலையத்தில் கொதிகலன் வெடித்துத் தொழிலாளர்கள் மாண்டார்கள். அந்தத் துக்கத்தை மறக்க முடியாதவர்கள் இந்தக் கூட்டத்திலேயே இருப்பார்கள். பிறகு என்ன செய்தார்கள்? விசாரணைக் கமிட்டி வைத்தார்கள். அந்தக் கமிட்டியில் ஒரு ஜோசியரையும் போட்டதாக நாம் கேள்விப்படவில்லை. மாண்டவர்களின் ஜாதகத்தை வாங்கிப் பார்த்ததாகவும் கேள்விப்படவில்லை. கொதிகலனுக்குக் காரணம் தேடத் தெரிந்த நமக்கு, ஒரு குழந்தையின் காலுக்கு மாத்திரம் குதிரைத் திருட்டு எதற்கு?

நிற்க, பாவி என்று பெயர் வைத்ததோடு சாஸ்திரக்காரர்கள் நின்றுவிடவில்லை. அதே மனுதர்மத்தில் 9-வது அத்தியாயத்தைப் புரட்டினால், பிறவிக் குருடர், செவிடர், ஊமை, அங்கக் குறைவு உள்ளவர் ஆகியவர்களுக்குத் தகப்பன் சொத்தில் பங்கு கிடையாது. சோறும் துணியும் போட்டு வைத்தால் போதும் என்று இருக்கிறது. இப்போது சங்கதி விளங்குகிறதா? முன்ஜென்மப் பாவம் என்பது சித்தாந்தம். அண்ணன் தம்பிகள் பங்கைச் சுருட்டிக்கொள்ளுவது அதன் வரும்படி. இந்த அநியாயம் ஏதோ ரிஷிகள் காலத்தோடு போய்விட்டதென்று எண்ண வேண்டாம். 1928-ல் சட்டம் செய்துதான் அங்கக் குறைவைக் காட்டிப் பங்கை மறுப்பதைப் பெரும்பாலும் நீக்கினார்கள். அப்போதும் பிறவியிலேயே புத்தி மாறாட்டம் உள்ளவர்களை விட்டுவிட்டார்கள். 1956-ல் வந்த இந்து வாரிசுச் சட்டந்தான் வியாதி, ஊனம் எதையும் காட்டிப் பங்கில்லை என்று சொல்லக்கூடாது என்றது. செங்கற்பட்டில் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு கூடினது 1929-ல். அதற்கு ஒரு வருஷத்துக்கு முன்புவரை, கண் தெரியாமல் பிறந்த ஒரு மகன் தன் தகப்பன் நிலத்தில் கால் வைக்க நியாயஸ்தலம் இடம் கொடுக்கவில்லை என்பதை யோசித்துப் பாருங்கள்.

இந்து மதத்தை மாத்திரம் பேசுகிறோம் என்று யாரும் வருத்தப்பட வேண்டாம். கிறிஸ்தவர்களின் பழைய ஏற்பாட்டிலும் குருடனும் முடவனும் பலிபீடத்தண்டை வந்து பூசாரித் தொழில் செய்யக்கூடாது என்று எழுதி வைத்திருக்கிறார்கள். முழு உடம்புக்காரர்களைத்தான் எல்லாச் சாமிகளுக்கும் பிடித்திருக்கிறது.

இளம்பிள்ளைவாதம் என்கிற போலியோவை எடுத்துக்கொள்ளுங்கள். நம் கிராமங்களில் எத்தனை ஆயிரம் குழந்தைகள் அதனால் கால் சூம்பிப் போனார்கள்! அத்தனை பேருக்கும் முன்ஜென்ம வினை என்றுதான் சொல்லிவந்தார்கள். 1995 முதல் நாடு முழுதும் சொட்டு மருந்து கொடுத்தார்கள். 2011 ஜனவரிக்குப் பிறகு இந்நாட்டில் அந்தக் காட்டு விஷக்கிருமியால் ஒரு குழந்தைக்கும் நோய் வரவில்லை. 2014 மார்ச்சில் உலக சுகாதார ஸ்தாபனம் நமக்குச் சர்டிபிகேட்டும் கொடுத்துவிட்டது. 2011-க்குப் பிறகு குதிரை திருடுவோர் எல்லோரும் திடீரென்று யோக்கியர்களாகிவிட்டார்களா? அல்லது இரண்டு சொட்டு மருந்து போன ஜென்மத்துக் கணக்கையே அழித்துவிட்டதா? சித்திரபுத்திரனுடைய பேரேடு ஒரு கூடை மருந்துப் புட்டிக்குத் தாங்கவில்லை என்றால் அந்தப் பேரேட்டின் யோக்கியதை என்ன?

இனி ஆட்டத்துக்கு வருவோம். சக்கர நாற்காலி டென்னிஸ் கடவுள் கொடுத்ததும் அல்ல, ரிஷிகள் ஞானதிருஷ்டியால் கண்டதும் அல்ல. அமெரிக்காவில் பிராட் பார்க்ஸ் என்ற வாலிபர் பனிச்சறுக்கு விளையாட்டில் விழுந்து கால் விழுந்துபோனவர். அவரும் அவரைப்போன்ற இன்னொருவரும் சேர்ந்து 1976-ல் நாற்காலியில் இருந்தபடி பந்தை அடித்துப் பார்த்து இதை ஆரம்பித்தார்கள். 1992-ல் பார்சிலோனா பாராலிம்பிக்கில் பதக்க ஆட்டமாகிவிட்டது.

ஆட்டத்தின் விதி என்ன தெரியுமா? ஆடுகளத்தின் நீளம் அகலம் அதேதான். வலையின் உயரம் அதேதான். பந்தும் மட்டையும் அதேதான். ஒரே ஒரு விதி மாறியிருக்கிறது. நின்று ஆடுகிறவன் பந்து தரையில் ஒரு தடவை பட்டவுடன் அடித்துவிட வேண்டும். நாற்காலியில் ஆடுகிறவனுக்கு அது இரண்டு தடவை படலாம். அவ்வளவுதான். ஏன்? கால் பக்கவாட்டில் தாவும். சக்கரம் பக்கவாட்டில் தாவாது, திருப்பித்தான் ஓட்டவேண்டும். மட்டை பிடித்த அதே கையால்தான் சக்கரத்தையும் தள்ளவேண்டும். சக்கரங்களை மேலே குறுகியும் கீழே அகன்றும் சாய்வாக வைத்து, நாற்காலி குடை சாயாமல் சட்டென்று திரும்பும்படி செய்திருக்கிறார்கள். கையும் பாதிக்கப்பட்டவர்களுக்கு, அதாவது மூன்று அங்கம் அல்லது அதற்கு மேல் பாதிக்கப்பட்டவர்களுக்கு, தனி வகுப்பு உண்டு. அவர்களில் மட்டையை இறுக்கிப் பிடிக்க முடியாதவர்கள் அதைக் கையோடு நாடாவால் சுற்றிக் கட்டிக்கொண்டு ஆடுகிறார்கள். நமது பிரபுவும் நாலு அங்கமும் பாதிக்கப்பட்ட ஆட்டக்காரர்தான்.

இந்த இரண்டாவது துள்ளலைப் பற்றி நமக்கு வெகு நேரம் யோசனையாக இருந்தது. ஏனென்றால் இதே வழக்கு நம் இயக்கத்துக்குப் பழைய வழக்கு. 1928-ல் முத்தையா முதலியார் வகுப்புவாரி உத்தரவை அமுலுக்குக் கொண்டுவந்தபோது என்ன கூச்சல் போட்டார்கள்! திறமை செத்துவிடும், தகுதி போய்விடும் என்றார்கள். இன்றைக்கும் அதே கூச்சல்தான், குரல்தான் வேறு. அவர்களை நாம் டென்னிஸ் மைதானத்துக்குக் கூப்பிடுகிறோம். இரண்டு துள்ளல் கொடுத்ததால் அங்கே திறமை செத்துவிட்டதா? ஜப்பான் தேசத்து ஷிங்கோ குனியேடா ஒன்பது வயதில் தண்டுவடக் கட்டியால் கால் இழந்தவர். அவர் பெரும் பந்தயங்களில் ஒற்றையரும் இரட்டையருமாக 50 பட்டம் வாங்கிவிட்டு 2023-ல் ஓய்வுபெற்றார். ஹாலந்து தேசத்து எஸ்தர் வெர்கீர் என்ற அம்மையார் 2003 முதல் 2013-ல் ஓய்வுபெறுகிற வரையில் ஒற்றையர் ஆட்டத்தில் ஒருமுறைகூடத் தோற்கவில்லை. தொடர்ச்சியாக 470 ஆட்டம். ஒரே துள்ளலில் ஆடுகிற இரண்டு காலுள்ள சூரர்களில் இப்படி ஒருவரை யாராவது காட்டட்டும் பார்ப்போம்! வலையைத் தாழ்த்தும்படி யாரும் கேட்கவில்லை. சக்கரத்துக்கு உள்ள நியாயத்தைக் கேட்டார்கள், கொடுத்தார்கள், ஆடினார்கள். இதைச் சலுகை என்று சொல்லுகிறவன் டென்னிசும் அறியான், நியாயமும் அறியான்.

(இந்த இடத்தில் ஒரு சிறு சங்கதி. கர்நாடக சர்க்கார் விளையாட்டு வீரர்களுக்கு ஏகலைவன் பெயரால் விருது கொடுக்கிறது. கட்டை விரலை வாங்கிக்கொண்ட வாத்தியார் பெயரிலும் துரோணாச்சாரியார் விருது என்று இந்திய சர்க்கார் கொடுக்கிறது. விரல் கொடுத்தவனுக்கும் மரியாதை, விரலை வாங்கினவனுக்கும் மரியாதை! இதுதான் நம் தேசத்து நடுநிலைமை.)

அங்கக் குறைவு உள்ளவர்களுக்கு விளையாட்டு எதற்கு என்று கேட்கிறவர்கள் உண்டு. ஜெர்மனியில் இட்லர் கொடுமைக்குத் தப்பி 1939-ல் இங்கிலாந்துக்கு ஓடிவந்த லுட்விக் குட்மன் என்ற யூத டாக்டர் ஒருவர் இருந்தார். முதுகுத்தண்டு அடிபட்ட சிப்பாய்கள் படுத்த படுக்கையில் புண் வைத்துச் சாகிறதுதான் அப்போது வழக்கம். அவர் 1944-ல் ஸ்டோக் மாண்டவில் என்னும் இடத்தில் அவர்களுக்கென்று வார்டு திறந்து, புரட்டிப் படுக்கவைத்து, உட்காரவைத்து, கையில் வில்லைக் கொடுத்தார். 1948-ல் 16 பேரை வைத்து அம்பு எய்யும் போட்டி நடத்தினார். அதுதான் வளர்ந்து பாராலிம்பிக் ஆயிற்று. நம் வேலூர் ஆஸ்பத்திரியிலேயே மேரி வர்கீஸ் என்ற டாக்டர் அம்மையார் 1954-ல் மோட்டார் விபத்தில் இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இழந்தார். பிறகு நாற்காலியில் உட்கார்ந்தபடியே குஷ்டரோகிகளின் மடங்கிய விரல்களை ஆபரேஷன் செய்து நிமிர்த்தினார். சாஸ்திரத்தின்படி இவர் பாவி, அவர்களும் பாவிகள். பாவி கை வைத்துப் பாவியின் விரல் நிமிர்ந்தது, புண்ணியவான்களால் ஆகவில்லை.

சேலம் ஜில்லா பெரியவடகம்பட்டி மாரியப்பனை உங்களுக்கெல்லாம் தெரியும். அய்ந்து வயதில் பள்ளிக்கூடம் போகும்போது பஸ் ஏறிக் கால் நசுங்கினவர். தாயார் காய்கறி விற்று வளர்த்தார். 2016-ல் ரியோவில் உயரத் தாண்டுதலில் 1.89 மீட்டர் தாண்டித் தங்கம், அடுத்து டோக்கியோவில் வெள்ளி, 2024-ல் பாரிசில் வெண்கலம். இவரையும் பிரபுவையும் சேர்த்துப் பாருங்கள். ஒருவருக்கு ஊசி, ஒருவருக்கு பஸ். இரண்டும் கண்ணுக்குத் தெரிந்த காரணம். கண்ணுக்குத் தெரியாத குதிரைக்கு அங்கே இடமே இல்லை.

இப்போது ஒரு தோழர் கேள்விச் சீட்டு அனுப்பி இருக்கிறார். "ஆண்டவன் அவருடைய கால்களை எடுத்துக்கொண்டு, அதற்கு ஈடாக மனோதைரியத்தைக் கொடுத்தார் என்று ஏன் சொல்லக்கூடாது?" என்று எழுதியிருக்கிறார். தாராளமாகச் சொல்லலாம். ஆனால் காலை எடுத்தபோது யாரைக் கேட்டு எடுத்தார் என்றும் சொல்லவேண்டும். தைரியம் கொடுப்பதுதான் நோக்கமென்றால் காலை விட்டுவைத்துக்கொண்டு கொடுக்கச் சர்வசக்தி போதவில்லையா? அன்றியும், காலை இழந்து, தைரியமும் கிடைக்காமல், மைதானமும் நாற்காலியும் கிடைக்காமல், வீட்டுப் பின்கட்டில் பாயில் கிடந்தே செத்துப்போனவர்கள் ஆயிரக்கணக்கானவர்கள். அவர்களுக்கு ஈடு என்ன கொடுத்தார்? ஜெயித்த ஒருவரைக் கொண்டுவந்து ஆண்டவனுக்குச் சாட்சி சொல்ல நிறுத்துகிறீர்கள். மற்றவர்களை யாரும் சாட்சிக் கூண்டுக்குக் கூப்பிடுவதில்லை.

இதே தோரணையில்தான் 2015 டிசம்பரில் பிரதம மந்திரி, இவர்களைத் "திவ்யாங்" என்று, அதாவது தெய்வீக அங்கம் உடையவர்கள் என்று கூப்பிட வேண்டும் என்றார். டில்லி இலாகாவின் பெயர்ப் பலகையிலும் அது ஏறிவிட்டது. ஆயிரம் வருஷமாகப் பாவி என்று ஒதுக்கிவைத்தார்கள். இப்போது தெய்வம் என்று உயரத்தில் தூக்கிவைக்கிறார்கள். மனிதன் என்று சொல்ல மாத்திரம் வாய் வரமாட்டேன் என்கிறது! தெய்வத்துக்குச் சூடம் காட்டினால் போதும். மனிதனுக்கு வேலை கொடுக்கவேண்டும், பஸ்ஸில் ஏற வழி செய்யவேண்டும், கக்கூசுக்கு அகலமான கதவு வைக்கவேண்டும். செலவு எதில் குறைவு என்று பாருங்கள்! நம் தமிழ்நாட்டில் மாற்றுத்திறனாளி என்ற பெயரைக் கலைஞர் ஆட்சியில் கொண்டுவந்து, 2010-ல் தனி இலாகாவும் அமைத்தார்கள். அந்தப் பெயரில் தெய்வமும் இல்லை, பாவமும் இல்லை.

பிறரைச் சொல்லிக்கொண்டே போனால் நம் முதுகு நமக்குத் தெரியாது. நாமும் கொஞ்சம் உதை வாங்க வேண்டியவர்கள்தான். பகுத்தறிவு பேசுகிற நாம் வாய் திறந்தால் "குருட்டு நம்பிக்கை" என்கிறோம், "நொண்டிச் சமாதானம்" என்கிறோம். இருபது வருஷமாக மேடையில் நாமும் அதைச் சொல்லிவந்தோம். சென்ற வருஷம் கண் தெரியாத தோழர் ஒருவர் கூட்டம் முடிந்ததும் வந்து, "அய்யா, மண்சோறு சாப்பிடுகிறவனுக்கும் தீ மிதிக்கிறவனுக்கும் இரண்டு கண்ணும் நன்றாகத்தானே இருக்கிறது? அந்த நம்பிக்கைக்கு ஏன் எங்கள் பெயரை வைக்கிறீர்கள்?" என்று கேட்டார். நமக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அன்றோடு அந்த வார்த்தையை விட்டுவிட்டோம். மூடநம்பிக்கை என்ற நல்ல வார்த்தை இருக்கும்போது அது நமக்குத் தேவையும் இல்லை.

பிரபு மட்டையைப் பிடித்தார், சரி. மைதானத்துக்கு எப்படிப் போனார் என்று யாராவது யோசித்தார்களா? விளையாட்டு நாற்காலி லட்சக்கணக்கில் விலை. வெளியூர்ப் போட்டிக்குப் போக ரயில் பெட்டியில் ஏற வேண்டும். ஏறினால் உள்ளே நாற்காலி நுழைய வேண்டும். ஒரு வீரர் உண்டாவதற்கு மன உறுதி வேண்டும் என்பது மெய்தான். ஆனால் வாசலில் நாலு படி இருந்தால் மன உறுதி அந்தப் படியில் ஏறாது. 2016-ல் வந்த உரிமைச் சட்டத்தில் சர்க்கார் உத்தியோகத்தில் 100-க்கு 4 இடம் என்று வைத்தார்கள். பொதுக் கட்டடங்களை எல்லாம் விதி வந்த அய்ந்து வருஷத்துக்குள் சக்கர நாற்காலி போகும்படி மாற்றவேண்டும் என்றும் வைத்தார்கள். விதி வந்தது 2017-ல். அய்ந்து வருஷம் எப்போதோ முடிந்துவிட்டது. நாளைக் காலையில் உங்கள் ஊர் தபாலாபீசு, பாங்கு, ரேஷன் கடை, பள்ளிக்கூடம் இவைகளின் வாசற்படியை எண்ணிப் பாருங்கள். கோவிலை நாம் சொல்லவில்லை, போகிறவர்கள் கேட்டுக்கொள்ளட்டும்.

நெய்வேலி திட்டம் போட்டுக் கட்டின ஊர். அகலமான ரோடு, வட்டம் வட்டமாக வரிசை வீடு, நிழல் மரம் எல்லாம் இருக்கிறது. சக்கரத்தால் மண்ணை வெட்டிப் பிழைக்கிற ஊருக்குச் சக்கரம் ஏறச் சாய்தளம் போடுவது பெரிய வித்தை அல்ல. இரண்டு மூட்டை சிமெண்டும் ஒரு கொத்தனாரின் அரைநாள் கூலியுமே ஆகும். ஆனால் நாம் இதைச் சொல்லிக்கொண்டு நிற்கிற இந்த மேடைக்கு அய்ந்து படி இருக்கிறது. நமது தோழர்கள் நடத்தும் படிப்பகத்துக்கு மூன்று படி. படிப்பகத்துச் செயலாளர் இங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். அடுத்த கூட்டத்துக்கு நாம் வரும்போது அந்தப் படியைப் பார்ப்போம்.

அடுத்தபடியாகப் பேச இருக்கிற தோழர் சக்கர நாற்காலியில் வந்து, மேடைக்கு வலது புறம் ரோட்டு ஓரத்தில் ஒன்றரை மணி நேரமாகக் காத்துக்கொண்டிருக்கிறார். நாலு பேர் சேர்ந்து அவரை நாற்காலியோடு மேடைக்குத் தூக்குவதாகச் சொன்னார்கள். அவர் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அவர் சொன்னது சரி. ஆகையால் ஒலிபெருக்கியைக் கீழே கொண்டுபோய் அவரிடம் கொடுங்கள். தலைவர் அவர்களும் நாமும் கீழே வந்து உங்களோடு உட்கார்ந்துகொள்ளுகிறோம்.